ப்ராக்ல சிரிச்சு அழுத ஆளை விட்டுட்டீங்களே

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

ஞாயிற்றுக்கிழமை இணைப்புல சினிமா பொறந்த கதைன்னு ஒரு கட்டுரை போட்டிருந்தீங்க, நல்லாத்தான் இருந்துச்சு, ஆனா பாரிஸ்ல லூமியேர் சகோதரர்கள்ல ஆரம்பிச்சவர் அடுத்த பாராவுலயே கப்பலேறி அமெரிக்கா போய் சாப்ளின்கிட்ட நின்னுட்டார், நடுவுல ஐரோப்பாவுல வேற யாருமே கேமரா முன்னாடி நிக்கலங்கற மாதிரி. 1898லயே ப்ராக் நகரத்துல ஒருத்தர் நின்னிருக்கார் சார். பேரு யோசெஃப் ஷ்வாப்-மாலோஸ்த்ரான்ஸ்கி. முதல் செக் சினிமா நடிகர்னு அவரைத்தான் சொல்றாங்க. வாயில நுழையாத பேருதான், ப்ராக்ல மாலா ஸ்த்ரானான்னு ஒரு பழைய பேட்டை இருக்கு, அந்தப் பேட்டைப் பேரைத்தான் பின்னாடி ஒட்டிக்கிட்டார்.

அப்ப செக் நாடுன்னு தனியா ஒண்ணு கிடையாது, ப்ராக் ஆஸ்திரியா-ஹங்கேரி சாம்ராஜ்யத்துக்குள்ள இருந்த ஊரு. அங்க யான் க்ரிஷெனெட்ஸ்கின்னு போட்டோ பைத்தியம் பிடிச்ச ஒருத்தர் லூமியேர் மெஷின் ஒண்ணு வாங்கினார், அந்த ஒரே பெட்டியில படமும் எடுக்கலாம், பிரின்ட்டும் போடலாம், திரையிலயும் காட்டலாம். அந்த வருஷம் நடந்த கட்டடக்கலை, பொறியியல் கண்காட்சியில தனியா ஒரு அரங்கு போட்டு அதுல படம் காட்டினார். ஊர்ல நடக்கறதைத்தான் மொதல்ல எடுத்தார், பலாட்ஸ்கிங்கற வரலாற்று ஆசிரியருக்குச் சிலை வைக்க அடிக்கல் நாட்டின விழா கூட அதுல ஒண்ணு. ஆனா அதோட நிக்காம, நடிச்சுக் காட்டற மாதிரியும் கொஞ்சம் எடுத்தார், அதுக்குக் கூப்பிட்ட ஆள்தான் நம்ம ஷ்வாப்.

இங்கதான் எனக்கு ரொம்பப் பிடிச்ச விஷயம் இருக்கு. ஷ்வாப் யாருன்னா காபரே மேடையில காமெடிப் பாட்டு பாடறவர், தானே பாட்டு எழுதுவார், புத்தகமாவும் போட்டு விப்பார், அப்ப வயசு 38. தொழிலே குரல்தான். அந்தக் குரலை வாங்கி ஓரமா வச்சுட்டு இப்ப நடின்னா என்ன பண்ணுவார், மூஞ்சியும் கையும்தான் மிச்சம். மூணு குட்டிப் படம் எடுத்தாங்க. ஒண்ணு மில்லுல காதலிக்குக் காத்திருக்கற கதை, இன்னொண்ணுல கண்காட்சியில சாசேஜ் விக்கறவனுக்கும் போஸ்டர் ஒட்டறவனுக்கும் தகராறு, ரெண்டும் சாதாரண மேடைக் கூத்துதான், பெருசா சொல்ல ஒண்ணுமில்ல. மூணாவதுதான் சமாச்சாரம், 'சிரிப்பும் அழுகையும்'. அதுல கதையே கிடையாது, கேமரா கிட்டக்க நிக்குது, அவர் சிரிக்கறார், அப்புறம் அழறார், அவ்வளவுதான். அப்ப இருந்த ஃபிலிம் சுருள் 17 மீட்டர் அளவுதான், ஒரு நிமிஷம் கூட ஓடாது, வெட்டி ஒட்டற வேலையும் இல்ல.

உலகத்துலயே இதுதான் முதல் க்ளோசப்னு நான் சண்டைக்கு வரல, எடிசனோட ஆளுங்க 1894லயே ஒருத்தர் தும்மறதைக் கிட்டக்க வச்சு எடுத்திருக்காங்க. ஆனா தும்மல் தும்மல்தானே, இவர் பண்ணினது நடிப்பு. எனக்கு இந்த வித்தியாசம் பெருசாப் படுது.

அதுக்கப்புறம் அவர் ஸ்டார் ஆகிட்டாரான்னா அதான் இல்ல. நடிக்கப் படம் இருந்தாத்தானே, ப்ராக்ல நிரந்தரமா ஒரு சினிமா கொட்டகை வந்ததே 1907லதான், அதையும் தொறந்தது விக்டர் போன்ரெபோன்னு ஒரு மேஜிக் ஷோ காரர். இவர் பழையபடி பாட்டு, மேடைன்னு போய்ட்டார். 1910கள்ல கொஞ்சம் படங்கள்ல திரும்பி வந்தார், டைரக்‌ஷனும் பண்ணிப் பார்த்தார், 1918ல நாடு சுதந்திரம் ஆகி அங்க படம் நிறைய எடுக்க ஆரம்பிச்சப்ப 60 வயசு நெருங்கின இந்த மனுஷன் குட்டிக் குட்டி காமெடி வேஷத்துல ஊமைப்படம் ஊமைப்படமா வந்துட்டுப் போனார். முதல் நடிகர்ங்கற பட்டத்தைச் சொல்றவங்க இந்தக் கடைசிப் பத்து வருஷத்தைச் சொல்றதில்ல, நான் கேட்டா அதுதான் அவரோட நிஜமான சினிமா வாழ்க்கைம்பேன், பட்டம் தந்ததெல்லாம் ஒரு நிமிஷத்து வேலை. செக் பேசும் படம் 1930ல வந்துச்சு, அப்ப அவருக்கு 70. 1932ல போய்ச் சேர்ந்துட்டார்.

அந்த 1898 படங்களை ப்ராக்ல இருக்கற தேசிய திரைப்படக் காப்பகம் டிஜிட்டல் பண்ணி 2019ல வெளியிட்டிருக்கு, கீறலையெல்லாம் துடைச்சுப் பளபளன்னு ஆக்காம இருந்தபடியே விட்டிருக்காங்க, அது சரியான முடிவுன்னு நினைக்கறேன்.

கட்டுரை தொடரும்னு போட்டிருக்கீங்க, அடுத்த வாரம் இவருக்கு நாலு வரியாவது ஒதுக்குங்க. போட்டோ போடறதா இருந்தா வயசான காலத்துப் படம் வேணாம், அந்த மூணாவது படத்துலருந்து சிரிக்கறது ஒண்ணு அழறது ஒண்ணுன்னு பக்கத்துல பக்கத்துல போடுங்க, ஆளு எப்படின்னு வாசகருக்குப் பார்த்தாலே தெரிஞ்சுடும்.

இப்படிக்கு,
உங்க பழைய வாசகன்