நாலாம் நம்பர் சட்டை

மாப்ள,

எட்டு மாதம் கழித்து எழுதுகிறேன். தீபாவளிக்கு நீ அனுப்பிய வாய்ஸ் மெசேஜுக்குப் பதில் போடவில்லை, உன் பையன் மாவட்ட அணியில் செலக்ட் ஆன போட்டோவுக்கு ஒரு கட்டைவிரலைப் போட்டு நிறுத்திக்கொண்டேன். திட்டுவதை இப்போதே திட்டி முடித்துவிட்டு மேலே படி, ஏனென்றால் இது நீளமாகப் போகும். வீட்டில் எல்லோரும் சுகம்தானே? அத்தைக்குக் கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்ததா? இங்கே மூவரும் நன்றாக இருக்கிறோம். வெளியே மைனஸ் ஆறு. நீ கொடுத்துவிட்ட கடலை மிட்டாய் தீர்ந்து மூன்று மாதம் ஆகிறது, அடுத்து யார் வந்தாலும் நாலு பாக்கெட் கொடுத்துவிடு.

சரி, விஷயத்துக்கு வருகிறேன். போன சனிக்கிழமை ஐஸ் ஹாக்கி மேட்ச் பார்க்கப் போனேன். செக் நாட்டில் இந்த ஸ்லீன் ஊருக்கு வந்து நாலு வருடமாகிறது, இத்தனை நாளும் கூப்பிட்டவர்களிடமெல்லாம் புல்லில் ஆடுவதுதான் ஹாக்கி என்று சொல்லிவிட்டு வீட்டிலேயே இருந்தேன். எங்கள் ஆய்வகத்தில் இயந்திரங்களைப் பார்த்துக்கொள்கிற பெரியவர் ஒருவர் இருக்கிறார், ஓய்வு பெறப் போகிறவர், நான் ஹாக்கி ஊர்க்காரன் என்று யாரோ சொல்லக் கேட்டுவிட்டு டிக்கெட்டைக் கையில் வைத்துக்கொண்டு வாசலில் நின்றுவிட்டார். அவர் கேட்ட முதல் கேள்வி, நீ என்ன இடத்தில் ஆடினாய் என்பதுதான். நான் ரைட் அவுட், என் நண்பன் பேக் என்றேன். என்னை விட்டுவிட்டு உன்னைப் பற்றியே அரை மணி நேரம் கேட்டார், மனிதர் பேக் பைத்தியம். பேக்கை, அதாவது கோல் விழாமல் தடுத்து ஆடுகிறவரை, 'ஓப்ரான்ட்சே' என்பார்கள் இங்கே.

உள்ளே நுழைந்தவுடன் முதலில் தெரிவது சத்தம்தான். அந்தக் கறுப்பு ரப்பர் வட்டு ஓரப் பலகையில் மோதும்போது தேங்காயைச் சுவரில் அடித்த மாதிரி ஒரு சத்தம். நம் மைதானத்தில் பால் போர்டில் விழும் சத்தம் உனக்கு ஞாபகம் இருக்கும், அதைப் பத்து மடங்காக்கிக்கொள். அப்புறம் வேகம். ஒருவர் ஒரு தடவை உள்ளே இறங்கினால் முக்கால் நிமிடம்தான், மூச்சு வாங்க வெளியே வந்து உட்காருகிறார், வேறொருவர் தடுப்பைத் தாண்டிக் குதிக்கிறார். பேக்குகள் இரண்டு பேர் ஜோடி. பின்பக்கமாகவே சறுக்கிக்கொண்டு, முன்னால் வருகிறவனின் கண்ணையும் மட்டையையும் பார்த்துக்கொண்டே போகிறார்கள். எழுபது நிமிடம் நீ நின்ற நிற்பை இவர்கள் பின்னோக்கி ஓடிக்கொண்டே செய்கிறார்கள் என்று வைத்துக்கொள்.

இடைவேளையில் 'ரோல்பா' என்கிற வண்டி வந்து பனியை மழித்து நீர் விட்டுப் போனது. கடுகுச் சாந்து தொட்ட சாசேஜைக் கையில் பிடித்துக்கொண்டு பெரியவர் கேட்டார்: இந்த ஸ்டேடியத்துக்கு யார் பெயர் தெரியுமா? லுடெக் சாய்க்கா. அவரும் பேக். 1990 ஜனவரியில் கோஷிட்சே என்கிற ஊரில் ஒரு ஆட்டத்தில் ஓரப் பலகையில் மோதி விழுந்தவர், கண் திறக்காமலேயே பிப்ரவரி 14 அன்று போய்விட்டார். வயது 26. இந்த ஊர்ப் பையன்கள் சறுக்கப் பழகுவதே அவர் பெயர் போட்ட கட்டடத்தில்தான். அப்படி இந்த ஊரில் வளர்ந்த இன்னொரு பேக்கைப் பற்றித்தான் மீதி மேட்ச் முழுக்கப் பேசினார். வீட்டுக்கு வந்து நானும் நாலு ராத்திரி உட்கார்ந்து பழைய ஆட்டங்களைத் தேடித் தேடிப் பார்த்துவிட்டேன்.

கரெல் ரஹூனெக். 1979 ஆகஸ்ட் 27 அன்று பிறந்தார். அப்போது இந்த ஊருக்கு கொட்வால்டோவ் என்று கம்யூனிஸ்ட் தலைவர் பெயரை வைத்திருந்தார்கள், 1990இல்தான் மறுபடி ஸ்லீன் ஆனது. நாம் பள்ளிக்கூடத்துக்குப் போட்டுக்கொண்டு போன பாட்டா ஷூவின் பாட்டா இந்த ஊர்க்காரர்தான், 1894இல் இங்கேதான் கம்பெனி தொடங்கினார். அவருடைய சிவப்புச் செங்கல் கட்டடங்கள் வரிசையாக நிற்கிற தெருவில்தான் தினமும் நடந்து வேலைக்குப் போகிறேன். சரி, ரஹூனெக்குக்கு வருவோம். தம்பிகள் இவான், தோமாஷ் இருவருமே ஹாக்கிக்காரர்கள், வீடே மட்டையும் சறுக்குக் காலணியுமாகத்தான் இருந்திருக்கும்.

1997இல் அமெரிக்க லீக் அணிகள் புது ஆட்டக்காரர்களை முறைவைத்துத் தேர்ந்தெடுத்தபோது, அந்த லீகில் ஆடுகிற கனடாவின் ஒட்டாவா அணி அவரை ஒன்பதாவது சுற்றில் 229ஆவது ஆளாக எடுத்தது. 229 என்றால் மாப்ள, லிஸ்ட்டின் கடைசித் தாள். அந்த இடத்திலிருந்து அவர் அங்கே நிரந்தர ஆட்டக்காரராக ஆனார், அப்புறம் நியூயார்க் ரேஞ்சர்ஸ், அப்புறம் நியூஜெர்சி. அமெரிக்கக் கதையை இத்தோடு விடுகிறேன், என்னைப் பிடித்துக்கொண்டது அவருடைய ஐரோப்பியக் கதைதான்.

ரஷ்யாவில் யாரோஸ்லாவ்ல் என்று வோல்கா நதிக்கரையில் ஒரு ஊர். அங்கே லோகோமோட்டிவ் என்று ஒரு கிளப், ரயில்வேக்காரர்களின் டீம், நீ கேட்டால் சந்தோஷப்படுவாய். 2002, 2003 இரண்டு வருடமும் செக் நாட்டுப் பயிற்சியாளர் விளாதிமிர் வூய்டெக் தலைமையில் ரஷ்ய சாம்பியன் ஆனவர்கள். ரஹூனெக் 2002 இலையுதிர் காலத்தில் முதல் தடவை அங்கே சில ஆட்டங்கள் ஆடினார். 2004இல் அமெரிக்க லீகில் முதலாளிகளுக்கும் ஆட்டக்காரர்களுக்கும் சம்பளத் தகராறு வந்து ஒரு சீசன் முழுக்கவே நடக்காமல் போனபோது இரண்டாம் தடவை போனார், அடுத்த வருடமும் அங்கேயே இருந்துவிட்டார். 2008இல் கேஹெச்எல் என்று புது லீக் தொடங்கி ரஷ்யாவில் பணம் கொட்டிய நேரத்தில் மாஸ்கோ டைனமோவில் இரண்டு சீசன். 2010இல் டைனமோ இன்னொரு கிளப்போடு இணைக்கப்பட்டது, அவர் மூன்றாம் தடவையாக யாரோஸ்லாவ்லுக்கே திரும்பினார். ஒரு மனிதன் ஒரே டீமுக்கு மூன்று தடவை போகிறான் என்றால் அங்கே அவனுக்குப் பிடித்த ஏதோ இருந்திருக்கிறது, அவனையும் அங்கே யாருக்கோ பிடித்திருக்கிறது. நீ ரயில்வே டீமை விட்டு வெளியே போகாமல் இருந்த காரணம் போலத்தான் இருக்கும் என்று நினைத்துக்கொண்டேன்.

இன்னொன்று கவனித்தேன். ஐரோப்பாவில் தளம் அமெரிக்காவில் இருப்பதைவிட அகலம். அங்கே சுமார் 26 மீட்டர், இங்கே 30 வரை போகும். நாலு மீட்டர்தானே என்று தோன்றும், ஆனால் பேக்குக்கு அது வேறு ஆட்டம். அங்கே எதிராளியைச் சட்டென்று பலகையோடு சேர்த்து அமுக்கிவிடலாம், இங்கே அப்படிப் பாய்ந்தால் அவன் வெளிப்பக்கமாக வளைந்து போய்விடுவான். காத்திருக்க வேண்டும், நடுவை விடாமல் அவனை மெல்ல மெல்ல ஓரத்துக்குத் தள்ள வேண்டும். வட்டு கிடைத்ததும் தலை நிமிர்ந்து முதல் பாஸ் போட வேண்டும். ஒரு வருடம் அந்தத் தளம், அடுத்த வருடம் இந்தத் தளம் என்று மாறி மாறி ஆடினவர் இவர். கிராவல் தரையில் ஆடிவிட்டு முதல் தடவை ஆஸ்ட்ரோ டர்ஃபில் இறங்கிய அன்று நீ எத்தனை பாலை விட்டாய் என்று நான் சொல்லவா? பி.டி. சார் விசிலை வாயில் வைத்தபடியே நின்றாரே.

இப்போது 2010. உலக சாம்பியன்ஷிப் ஜெர்மனியில். செக் அணியின் பெரிய ஆட்டக்காரர்கள் பலர் வரவில்லை, நார்வேயிடமும் சுவிட்சர்லாந்திடமும் தோற்று, ஊரே கை கழுவிவிட்ட டீம். கால் இறுதியில் ஃபின்லாந்தைப் பெனால்டி ஷாட்களில் தாண்டி வந்தார்கள். மே 22, அரை இறுதி, ஸ்வீடன் 2–1 என்று முன்னால். பெரியவர் அன்று அடுக்குமாடி வீட்டில் டிவி பார்த்துக்கொண்டிருந்தாராம். கடைசி நிமிடம் வந்ததும் தாங்க முடியாமல் அணைத்துவிட்டுத் தேநீர் போடப் போய்விட்டார். கெட்டிலில் தண்ணீர் பிடித்துக்கொண்டிருக்கும்போது மேல்வீட்டிலிருந்து ஒரு அலறல், அடுத்த வினாடி பக்கத்து வீடு, கீழ்வீடு, எதிர்க் கட்டடம், சுவரெல்லாம் அதிர்ந்தது என்றார். தண்ணீர் வழிந்து கையெல்லாம் நனைய நின்றுகொண்டே இருந்தாராம். ஆட்டம் முடிய எட்டு விநாடி இருக்கும்போது ரஹூனெக் சமன் செய்துவிட்டார். பேக்! நீ இருபத்தைந்து கெஜக் கோட்டைத் தாண்டி மேலே ஓடும்போதெல்லாம் பின்னால் யார்ரா என்று கத்துவேனே, அதற்கெல்லாம் சேர்த்து இப்போது மன்னிப்புக் கேட்டுக்கொள்கிறேன்.

பெனால்டி ஷாட்களில் ஸ்வீடன் தோற்றது. மறுநாள் கொலோன் நகரில் இறுதி ஆட்டம், எதிரே ரஷ்யா: ஒவெச்கின், மால்கின், கொவல்சுக், தத்ஸ்யூக் என்று நட்சத்திரப் பட்டாளம். செக் 2–1. பெரியவர் இதைச் சொல்லும்போது ஸ்கோரை விரல்விட்டுக் காட்டினார், பாதி சாசேஜ் கீழே விழுந்ததைக்கூடக் கவனிக்கவில்லை.

இதற்கு மேல் எழுதத்தான் நாலு நாள் தள்ளிப்போட்டேன்.

2011 செப்டம்பர் 7. சீசனின் முதல் ஆட்டம் மின்ஸ்க் நகரில் மறுநாள். லோகோமோட்டிவ் டீம் மொத்தமும் யாக்-42 விமானத்தில் ஏறியது. விமானம் சரியாக மேலே எழும்பவில்லை, ஓடுபாதையைத் தாண்டிப் போய் ஒரு கம்பத்தில் மோதி ஆற்றங்கரையில் விழுந்தது. ஓடுபாதையில் வேகம் எடுக்கும்போதே பைலட் அறையில் ஒருவரின் கால் பிரேக்கை அழுத்தியபடி இருந்திருக்கிறது என்று விசாரணையில் கண்டுபிடித்தார்கள். 45 பேரில் 44 பேர் போய்விட்டார்கள். ரஹூனெக்கோடு இன்னும் இரண்டு செக் வீரர்கள், யான் மாரெக், யோசெஃப் வாஷீச்செக். மாரெக்கும் 2010இல் தங்கம் வாங்கிய அணியில் இருந்தவர். ரஹூனெக்குக்கு 32 வயது முடிந்து பதினோரு நாள்.

மறுநாள் ப்ராக் நகரின் பழைய நகரச் சதுக்கத்தில் ஆயிரக்கணக்கானவர்கள் மெழுகுவத்தியோடு கூடினார்கள். தேசிய அணியில் 4, 15, 63 என்கிற மூன்று எண்களை இனி யாருக்கும் கொடுப்பதில்லை என்று எடுத்து வைத்துவிட்டார்கள். நாலு ரஹூனெக்குடையது. இந்த ஊரில் அவர் பெயரை நேற்றுப் பார்த்தவரைப் போலத்தான் சொல்கிறார்கள், மளிகைக் கடைக்காரம்மாகூட. "கரெலா? தெரியுமே" என்கிறார்கள். பெரியவர் ஒரு தடவை நிறுத்திவிட்டு என்னைக் கேட்டார், "உங்கள் டீமிலும் இப்படி யாராவது உண்டா?" என்று.

நான் இல்லை என்று சொல்லிவிட்டேன் மாப்ள.

ஏன் அப்படிச் சொன்னேன் என்று அன்று ராத்திரி தூக்கமே வரவில்லை. நம்ம கீப்பர் போய் இத்தனை வருடத்தில் நீயும் நானும் ஒரு தடவைகூட அதைப் பேசியதில்லை. மறுநாள் பரீட்சை என்று நாம் இருவரும் பஸ்ஸில் ஏறிவிட்டோம், அவன் பேட் மூட்டையைக் கண்டக்டர் ஏற்ற மாட்டேன் என்றதால் அவன் மட்டும் சாமான் வேனில் வந்தான். ஜன்னல் வழியாக மட்டையை ஆட்டிக் காட்டினானே, அவ்வளவுதான். பதினாறாம் நாளுக்கு அப்புறம் நான் அந்த வீட்டுப் பக்கமே போகவில்லை. நீ போனாயா என்றும் நான் கேட்டதில்லை. ஸ்டேஷன் பக்கம் போனால் சுற்றிக்கொண்டு மேம்பாலம் வழியாகப் போவேன், நீயும் அப்படித்தான் போவாய் என்று எனக்குத் தெரியும்.

திங்கட்கிழமை வேலைக்குப் போனதும் பெரியவரிடம் போய் அன்று சொன்னது தப்பு, எங்கள் டீமிலும் ஒருவன் உண்டு என்றேன். அவன் பெயரைச் சொன்னேன். அவருக்கு வாயில் நுழையவில்லை, மூன்று தடவை சொல்லிப் பார்த்து, ஒரு தாளில் எழுதித் தரச் சொல்லி வாங்கிக்கொண்டார். பெயரைத் தமிழிலும் எழுதச் சொன்னார். அவர் மேசைக்கு மேல் இயந்திர அட்டவணைகளுக்குப் பக்கத்தில் அந்தத் தாள் இப்போது இருக்கிறது.

ஏப்ரல் கடைசியில் ஊருக்கு வருகிறேன், மூன்று வாரம் லீவு. டிக்கெட் போட்டாகிவிட்டது. வந்த இரண்டாம் நாளே அவன் அம்மாவைப் பார்க்கப் போகலாம், நீயும் வருகிறாய், டூட்டி கீட்டி என்று சொல்லாதே, பையனையும் கூட்டிக்கொண்டு வா. அவன் பேக் ஆட மாட்டேன், ஃபார்வர்டுதான் ஆடுவேன் என்று அடம் பிடிக்கிறதாகச் சொன்னாயே, அவனை அவன் இஷ்டத்துக்கு விடு, ஆனால் அந்த எட்டு விநாடி வீடியோவை அனுப்பியிருக்கிறேன், ஒரு தடவை காட்டு.

அதற்கு முன்னால் ஒரு உதவி. அம்மா இன்னும் ஸ்டேஷனுக்குப் பின்னால் அந்த ஓட்டு வீட்டில்தான் இருக்கிறார்களா என்று விசாரித்துச் சொல். கடைசியாக நான் பார்த்தபோது பேட் மூட்டை திண்ணையில் சுவரோரமாக இருந்தது, வாரில் அவன் கட்டியிருந்த பச்சை ரிப்பனோடு. அது இன்னும் அங்கேயே இருக்கிறதா என்றும் பார்த்துச் சொல்.

உன்
ரைட் அவுட்