படம் வராது மச்சான்

மச்சான்,

உன்ர வொய்ஸ் மெசேஜ் கேட்டன். முழுக்க ஏச்சுத்தான். "ஃபேஸ்புக்கில ஆளைக் காணேல்ல, செத்துக்கித்துப் போனியோ?" சாகேல்ல. இஞ்ச யாழ்ப்பாணத்தில எல்லாரும் சுகம். அம்மாவுக்கு அதே முழங்கால் வருத்தம்.

விடியக்காலமை சைக்கிள் எடுக்கத் தொடங்கீட்டன். சிரிக்காதை. மணல்காடு, காரைநகர், சிலவேளை குறிகட்டுவானுக்குப் போய் அங்கயிருந்து நெடுந்தீவுக்கு வள்ளம். எங்க போறன் எண்டு மனிசிக்கு மட்டும் தெரியும். போன் பையின்ர அடியில கிடக்கும், ரயர் காத்துப் போனாத்தான் வெளியில வரும்.

விசயத்துக்கு வாறன். தை மாசம் ஒரு பரவைக்கடலில பூநாரை பாத்தன். பண்ணைப் பாலத்துக்கு அங்கால எண்டு மட்டும் வை. இடம் சொன்னா உன்ர மனிசி ரொறன்ரோவில இருந்தே லொக்கேஷன் போட்டுவிடுவா. காலால சேத்தை உழக்கிக் கலக்கி, தலையைத் தலைகீழாக் கவிட்டு, சொண்டால அரிச்சரிச்சுத் தின்னுதுகள். பாசியும் சின்னக் கூனிப்பூச்சியளும் தின்னுறதாலதான் அந்த ரோசா நிறம். குஞ்சுகள் வெறும் சாம்பல். வெயில் ஏறுமட்டும் வரம்பில குந்தியிருந்தன்.

பிறகு ஆரோ படம் போட்டிட்டாங்கள். அடுத்த ஞாயிறு போறன், ஒழுங்கை முழுக்க வானும் மோட்டச்சைக்கிளும். ஒருத்தன் ட்ரோன் விடுறான், மற்றவன் கைதட்டி எழுப்புறான். ஒண்டாக் கிளம்பினாத்தான் வீடியோ வடிவாம்! திருப்பித் திருப்பி எழுப்பினா அதுகள் எப்பயடா தின்னுறது? எனக்கு வந்த விசர் சொல்லேலாது. வாய்விட்டு ஏசினன். ஒரு பொடியன் அதையும் வீடியோ எடுத்தான். வைரலானா எனக்கு அனுப்பாதை.

நீ கேக்கிறாய், படம் இல்லாட்டி என்னத்தைப் பாத்தனி எண்டு. 93 இல சண்டைக்காலத்தில கிளாலிக் கடலால இரவு வள்ளத்தில வந்தமே, அதுக்குப் படம் இருக்கோ? லைற் இல்லை, கதையில்லை, நேவி வருவானோ எண்ட பயம். தண்ணி வள்ளத்தில அடிச்ச சத்தம் எனக்கு இப்பவும் அப்பிடியே கேக்குது. அந்தப் பயமில்லாமல் இப்ப விடியப்புறத் தண்ணிக்கரையில தனிய நிக்கிறன். அதுக்கு ஆரிட்டையும் லைக் வாங்க மனம் வரேல்ல. நீ சத்தி எடுத்ததையும் மறக்கேல்ல, பயப்பிடாதை.

தை, மாசிக்குள்ள வா. உனக்கொரு சைக்கிள் பாத்து வைக்கிறன், போனை வீட்டில விட்டாத்தான் கூட்டிக்கொண்டு போவன். வரேக்க நல்ல பைனாகுலர் ஒண்டு கொண்டுவா. காசு கேளாதை, சோடாக் கடைக் கணக்கு இன்னும் முடியேல்ல.