ஐம்பதடி உயரப் பெண்

அன்புள்ள வசந்தா,

கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது என்று நீ எழுதியதைப் படித்த பிறகுதான் எனக்கு மூச்சே வந்தது. சொட்டு மருந்தை நேரம் தவறாமல் விட்டுக்கொள். எனக்கு மூட்டுவலி குறைந்தபாடில்லை. டாக்டர் கால்சியம் மாத்திரை எழுதிக் கொடுத்திருக்கிறார். அதைக் கையில் எடுக்கும்போதெல்லாம் ஒரு நடிகையின் நினைப்பு வந்துவிடுகிறது.

ஆலிசன் ஹேஸ் என்று ஒரு அமெரிக்கக்காரி. போன மாதம் ஒருநாள் ராத்திரி பேத்தி, இந்த ஹேஸ் நடித்த 'அட்டாக் ஆஃப் த 50 ஃபுட் உமன்' என்கிற 1958-ஆம் வருஷத்துப் படத்தைப் போட்டாள். ஒரு லட்சம் டாலர்கூடச் செலவாகாத படம். வேற்றுக்கிரகத்து ராட்சசனைப் பார்த்த ஒருத்தி ஐம்பதடிக்கு வளர்ந்துவிடுகிறாள். தந்திரக் காட்சி சரியாக ஒட்டாததால் பின்னால் இருப்பதெல்லாம் அவள் உடம்புக்குள்ளேயே தெரிகிறது. பேத்தி விழுந்து விழுந்து சிரித்தாள். எனக்குச் சிரிப்பே வரவில்லை. துரோகம் செய்த புருஷனை "ஹாரி, ஹாரி" என்று கூப்பிட்டுக்கொண்டு வருகிறாளே, அந்தக் குரல் நிஜமான வேதனை. அதை இயக்கிய நேதன் ஜுரான் கலை இயக்கத்துக்கு ஆஸ்கர் வாங்கியவர். இந்தப் படத்தில் 'நேதன் ஹெர்ட்ஸ்' என்றுதான் பெயர் போட்டுக்கொண்டார். இவளுக்கு ஒளிந்துகொள்ள இடமில்லை, படம் முழுக்க முகத்தைக் காட்டி நின்றாள்.

1949-இல் மிஸ் அமெரிக்கா போட்டி வரை போனவள். 1954-இல் யுனிவர்சல் கம்பெனியில் சேர்ந்தும் பெரிய வேஷம் எதுவும் அமையவில்லை. பிறகு சிக்கனப் படங்கள்தான். ரோஜர் கோர்மன் ஆறே நாளில் மழையில் எடுத்த ஒரு கௌபாய் படத்தில் குதிரையிலிருந்து விழுந்து கையை முறித்துக்கொண்டாள். 1957-இல் மட்டும் நாலு பேய்ப்படம். சூனியக்காரி வேஷமானாலும் மனசு வைத்துத்தான் நடித்திருக்கிறாள்.

அப்புறம் நடந்ததுதான் என்னைத் தூங்கவிடவில்லை. உடம்புக்கு நல்லது என்று அவள் எடுத்துக்கொண்டிருந்த கால்சியம் மருந்து எலும்பிலிருந்து செய்தது. வலி ஏறிக்கொண்டே போய் நடக்கவே சிரமப்பட்டாள். வைத்தியர்களுக்குக் காரணம் பிடிபடவில்லை. தானே நூலகத்துக்குப் போய் மருத்துவப் புத்தகங்களைப் புரட்டினாள். ஈயத்தோடு புழங்கி வேலை செய்யும் தொழிலாளிகளுக்கு வரும் நோயும் தன் நோயும் ஒன்றுபோல் இருப்பதைக் கண்டுபிடித்தாள். மருந்தைச் சோதித்தபோது அதில் ஈயம் நிறைய இருந்தது. அதைத் தடுக்கச் சொல்லி அரசாங்கத்துக்கு எழுதினாள். 1977-இல் ரத்தப் புற்றுநோயில் போய்விட்டாள், வசந்தா. நாற்பத்தாறு வயசு.

நடிப்பில் அவளுக்குக் கிடைக்காத மரியாதையைவிட, வலியோடு உட்கார்ந்து புத்தகம் புரட்டிய அந்தப் பிடிவாதம் யாருக்கும் தெரியாமல் போனதுதான் எனக்கு ஆறவில்லை.

கண் தேறியதும் அந்தப் படத்தைப் பார். ஒரு மணி நேரத்துக்குச் சற்றுக் கூட, அவ்வளவுதான். பார்த்துவிட்டு எழுது.

அன்புடன்,
லலிதா