நளன் காலில் நனையாத இடம்

அன்பு சேகர்,

கையெழுத்துப் பிரதி பத்திரமாக வந்து சேர்ந்தது. அம்மாவுக்குத் திரிபலா சூரணம் ஒத்துக்கொண்டது என்று எழுதியிருந்தாய், சந்தோஷம். இனி உன் கதைக்கு வருகிறேன், கோபித்துக்கொள்ளாதே.

சாபம் விழுந்த அன்றைக்கே உன் ஜமீன்தாருக்கு முதுகு கூனுகிறது, விரல்கள் ஒட்டிக்கொள்கின்றன, புத்தியும் பேதலிக்கிறது. மூன்றாம் அத்தியாயத்திலேயே எல்லாம் முடிந்து போச்சு. மிச்சப் பன்னிரண்டு அத்தியாயமும் மனுஷர் உறுமிக்கொண்டே கிடக்கிறார். உடம்பையும் மனதையும் ஒரே கை திருகினால் இப்படித்தான் ஆகும். நளன் கதையை இந்த ஒரு விஷயத்துக்காக மறுபடி படி. பாரதத்தின் வனபர்வத்தையும் புகழேந்தியின் நளவெண்பாவையும் அக்கம்பக்கமாக வைத்துக்கொள். அங்கே மனதைக் கெடுப்பவன் கலியுகத்துக்கு உரிய கலி. உடம்பைக் கெடுப்பது கார்க்கோடகன் என்ற பாம்பு. இரண்டாவது வந்ததே முதலாவதற்கு மருந்தாகத்தான்.

கலி பிடிப்பது சாபம் ஆகுமா என்று நீ சண்டைக்கு வருவாய். நளனுக்கு வந்த கேட்டில் வாயைத் திறந்து சபிப்பவள் தமயந்தி ஒருத்திதான், அதுவும் கலியைத்தான் போய்ச் சுடுகிறது. ஆனால் உனக்கு வேண்டிய வேலையை, ஒரு மனிதனை உள்ளிருந்தே அரித்துத் தின்கிற வேலையை, செய்பவன் கலி.

முதலில் அவன் நுழைகிற வழியைப் பார். சுயம்வரத்துக்குத் தாமதமாக வந்தவன், தமயந்தி தேவர்களை விட்டுவிட்டு நளனுக்கு மாலையிட்டாள் என்ற ஆத்திரத்தில் கறுவுகிறான். ஆனாலும் உடனே உள்ளே போக முடியவில்லை. பன்னிரண்டாம் வருஷம் வரைக்கும் காத்துக் கிடக்கிறான். நளனிடம் ஓட்டையே இல்லை. ஒருநாள் சிறுநீர் கழித்துவிட்டுக் கால் கழுவாமல் சந்தியாவந்தனம் செய்ய உட்காருகிறான், அவ்வளவுதான். புகழேந்தி இதை இன்னும் நுணுக்கி விடுகிறார்: கால் கழுவுகிறான், ஆனால் ஒரு சின்ன இடத்தில் நீர் படவில்லை. எனக்கு வெண்பாவின் கணக்குத்தான் பிடித்திருக்கிறது. காலே கழுவாதவன் மேல் வாசகனுக்குக் கொஞ்சம் இளக்காரம் வந்துவிடும். கழுவியும் ஒரு இடம் விட்டுப்போனவனைப் பார்த்தால் குளியலறையில் நம் குதிகாலை நாமே தொட்டுப் பார்த்துக்கொள்வோம்.

உள்ளே போன கலி நளனை உறும வைக்கவில்லை. அவனுக்கு ஏற்கெனவே இருந்த சூதாட்ட ஆசையை மட்டும் பிடித்து இழுக்கிறான். கூட்டாளியான துவாபரனைக் காய்க்குள் புகச் சொல்லிவிட்டு, தம்பி புட்கரனை ஆட்டத்துக்குக் கிளப்பி விடுகிறான். ஆட்டம் மாதக்கணக்கில் நடக்கிறது. ஊர்ஜனங்களும் அமைச்சர்களும் வாசலில் வந்து நிற்கிறார்கள். தமயந்தி உள்ளே போய்ச் சொல்கிறாள், பதில் இல்லை. மறுபடி வருகிறார்கள், மறுபடி பதில் இல்லை. பிறகுதான் அவள் சாரதியைக் கூப்பிட்டுப் பிள்ளைகள் இரண்டையும் தன் அப்பாவின் நாடான விதர்ப்பத்துக்கு அனுப்புகிறாள். ஆனால் "தமயந்தியைப் பந்தயம் வை" என்று புட்கரன் சொன்னதும் நளன் பேசாமல் நகைகளைக் கழற்றி வைத்துவிட்டு எழுந்து போய்விடுகிறான். அந்த இடத்தில் மட்டும் கலியின் பிடி எட்டவில்லை. உன் ஜமீன்தாரிடம் அப்படி ஒரு இடம் எங்கே இருக்கிறது? பிரதி முழுக்கத் தேடினேன், கிடைக்கவில்லை.

மனம் திரிவதைக் காட்ட எனக்குத் தெரிந்து இதைவிட நல்ல காட்சி கிடையாது: காட்டில் பாழ்மண்டபம். பறவையைப் பிடிக்க வீசிய வேட்டியைப் பறவைகளே தூக்கிக்கொண்டு போய்விட்டதால் இருவருக்கும் ஒரே துணி. அவள் தூங்குகிறாள். துணியை அறுக்க ஒன்றும் இல்லையே என்று தேடுகிறான். உறையில்லாத வாள் ஒன்று அங்கேயே கிடக்கிறது. பாதியை அறுத்து உடுத்திக்கொண்டு வெளியே போகிறான், திரும்பி வருகிறான், மறுபடி போகிறான், மறுபடி வருகிறான். மனசு இரண்டாகி ஊஞ்சல் மாதிரி ஆடியது என்கிறது பாரதம். கலி ஒருபக்கம் இழுக்கிறான், அன்பு ஒருபக்கம் இழுக்கிறது. உன் பிரதியில் இருபது பக்க உறுமலை வெட்டிவிட்டு இப்படி நாலு முறை வாசல்படி தாண்ட வை, போதும்.

உடம்பின் முறை அதற்குப் பிறகுதான். காட்டுத்தீயில் அசைய முடியாமல் கிடக்கிறான் கார்க்கோடகன், அது நாரதர் இட்ட சாபம். கட்டைவிரல் அளவுக்குச் சுருங்கியவனை நளன் தூக்கி வருகிறான். "அடியை எண்ணிக்கொண்டே நட" என்கிறது பாம்பு. பத்தாவது அடியில் கடி. 'தச' என்றால் வடமொழியில் பத்து, 'கடி' என்று ஏவினாலும் அதே சொல்தான். வெண்பாவில் அந்தச் சொல்லைப் பாம்பே கேட்டு வாங்கிக்கொள்கிறது. நளன் உருமாறிக் குட்டைக் கைகளுள்ள வாகுகன் ஆகிறான். விஷம் வருத்துவது அவனை இல்லை, உள்ளே இருக்கிற கலியை. அழகான வீட்டுக்குக் குடிவந்தவன் எரிகிற வீட்டில் மாட்டிக்கொண்ட கதை! பழைய உருவம் வேண்டும்போது உடுத்திக்கொள்ள இரண்டு ஆடையும் கொடுத்துவிட்டுப் போகிறது பாம்பு.

உருவம் போனாலும் தேவர்கள் தந்த வரம் போகவில்லை, கவனித்தாயா? தாழ்ந்த வாசல் அவனுக்காக உயர்கிறது, வெறும் பாத்திரம் பார்த்ததும் நிறைகிறது, புல்லைச் சூரியனுக்கு நேரே பிடித்தால் பற்றிக்கொள்கிறது, கசக்கிய பூ இன்னும் மணக்கிறது. வேவு பார்க்கப் போன தோழி கேசினி இதையெல்லாம் வந்து சொல்ல, அவன் சமைத்ததை வாயில் போட்டுப் பார்த்துத்தான் தமயந்தி உறுதி செய்கிறாள். உன் கதையில் ஜமீன்தாரைக் கடைசியில் மச்சத்தை வைத்துக் கண்டுபிடிக்கிறார்கள். வேண்டாம்டா. சாபம் தொடாத எதையாவது அவர் கையில் விட்டு வை.

தீர்கிற விதமும் இரண்டு தவணை. அயோத்தி அரசன் இருதுபன்னனிடம் தேரோட்டியாக இருக்கிற நளன், அவனை விதர்ப்பத்துக்கு ஓட்டிவரும் வழியில் ஒரு தான்றி மரம். அதில் எத்தனை இலை, எத்தனை காய் என்று இருதுபன்னன் பார்த்த மாத்திரத்தில் சொல்கிறான். பாரதத்தில் காய்க்கணக்கு 2,095. வெண்பாவில் பத்தாயிரம் கோடி, கவிஞருக்குக் கஞ்சத்தனம் இல்லை. தேரை நிறுத்தி எண்ணிப் பார்த்தால் கணக்கு சரி. குதிரை வித்தைக்குப் பதிலாகச் சூதின் சூட்சுமத்தைக் கற்றுக்கொள்கிறான் நளன். கற்ற கணமே கலி விஷத்தைக் கக்கிக்கொண்டு வெளியே வந்து அந்த மரத்துக்குள் ஒளிகிறான். எந்த வித்தை தெரியாமல் தோற்றானோ அதே வித்தையால் விடுதலை. ஆனால் உருவம் இன்னும் வாகுகன்தான். தமயந்தி முன்னால் அந்த ஆடையை உடுத்துகிற வரைக்கும் அப்படியே. உன்னிடம் பூசாரி ஒரு செம்புத் தண்ணீர் தெளித்ததும் கூனும் பைத்தியமும் சேர்ந்தே போகின்றன.

நம் ஊரில் கலியை மறந்து சனி என்றே சொல்லிப் பழகிவிட்டோம். காரைக்கால் பக்கம் திருநள்ளாற்றில் நள தீர்த்தத்தில் குளித்துவிட்டுக் கட்டிய துணியை விட்டுவருகிற வழக்கம் உனக்குத் தெரியும். கதை முழுக்க துணி வந்துகொண்டே இருப்பதைப் பார்த்தபின் எனக்கு அது விநோதமாகப் படவில்லை.

முதல் ஆறு அத்தியாயத்தை மாற்றி எழுதி அனுப்பு. கூன் ஏழாவதில் வந்தால் போதும். கலி ஏறியதிலிருந்து தான்றிக்குக் கெட்ட பேர் என்கிறது பாரதம். திரிபலாவின் மூன்று காயில் ஒன்று அதுதான், அம்மாவிடம் சொல்லி வைக்காதே.

அன்புடன்,
ராகவன்