வாசகர் வட்டத்தின் 2024 ஆண்டறிக்கை

மதிப்பிற்குரிய தலைவர் அவர்களுக்கும், செயற்குழுவினருக்கும், உறுப்பினர்கள் அனைவருக்கும் வணக்கம்.

ஜனவரியில் பொங்கலை ஒட்டிப் பழைய புத்தகப் பரிமாற்றம் நடந்தது. பிப்ரவரியிலும் மார்ச்சிலும் சிறுகதைக் கூட்டங்கள் நடந்தன. ஜூலையில் வெயில் காரணமாகக் கூட்டம் இல்லை. டிசம்பரில் பாரதி பிறந்தநாளைக் கொண்டாடினோம், குழந்தைகள் நன்றாகப் பாடினார்கள். மீதிக் கூட்டங்களைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன். இந்த ஆண்டு பெரும்பாலும் அமெரிக்கப் பூர்வகுடிகளில் ஒருவரான சாக்டா மக்களைப் பற்றித்தான் படித்தோம். "தமிழ் வாசகர் வட்டத்தில் சாக்டா மக்களுக்கு என்ன வேலை?" என்று மூன்று உறுப்பினர்கள் எழுத்திலும், வேறு சிலர் சாப்பாட்டு வரிசையிலும் கேட்டார்கள். அதற்குப் பதில் சொல்வது செயலாளரின் கடமை.

ஏப்ரல் 8 அன்று முழுச் சூரிய கிரகணம். நம் டாலஸ் பக்கத்தைவிட, வடக்கே இருக்கும் ஓக்லஹோமா மாநிலத்தின் தென்கிழக்கு மூலையில் கூடுதல் நேரம் இருட்டும் என்பதால் நம் உறுப்பினர்கள் ஐந்து குடும்பம் புரோக்கன் போ பக்கம் போனோம். வழியெல்லாம் 'சாக்டா நேஷன்' என்று பலகைகள். முன்னே போன வண்டிகளின் நம்பர் பிளேட்டிலும் அதே பெயர். என் வண்டியில் இருந்த பத்து வயதுப் பையன் கேட்டான்: "அங்கிள், அமெரிக்காவுக்குள்ள இன்னொரு நாடா?" வண்டியில் பெரியவர்கள் நான்கு பேர் இருந்தோம். ஒருவருக்கும் ஒழுங்காகப் பதில் சொல்லத் தெரியவில்லை. இந்த ஊருக்கு வந்து இருபது வருடம் ஆகிறது. 75-ஆம் எண் நெடுஞ்சாலையில் ஒன்றரை மணி நேரம் வடக்கே போனால் ரெட் ஆற்றைத் தாண்டி டுரன்ட். அதுதான் சாக்டா நேஷனின், அதாவது அமெரிக்காவுக்குள்ளேயே தங்களுக்கென ஓர் அரசு வைத்திருக்கும் அந்தப் பூர்வகுடி மக்களின், தலைமையிடம். நம்மில் பலருக்கு டுரன்ட் என்றால் சூதாட்ட விடுதி மட்டும்தான். எனக்கும் அப்படித்தான் இருந்தது, அது எனக்கு வருத்தமாக இருக்கிறது.

மே கூட்டத்தில் நான் படித்துக் கொண்டு வந்ததைச் சொன்னேன். 1830 செப்டம்பர் 27 அன்று மிசிசிப்பியில் 'ஆடும் முயல் ஓடை' என்று பொருள்படும் இடத்தில் கையெழுத்தான ஒப்பந்தத்தில் சாக்டா மக்கள் சுமார் 1 கோடியே 10 லட்சம் ஏக்கர் நிலத்தை இழந்தார்கள். பூர்வகுடிகளை அகற்றும் சட்டம் அந்த ஆண்டு மே மாதம்தான் வந்திருந்தது. அந்தச் சட்டத்தின் கீழ் முதலில் வெளியேற்றப்பட்டவர்கள் இவர்கள். 1831 முதல் 1833 வரை மூன்று தவணைகளாக, மிசிசிப்பி ஆற்றுக்கு மேற்கே இன்றைய ஓக்லஹோமாவுக்கு அனுப்பப்பட்டார்கள். முதல் தவணை கடும் பனிக்காலத்தில் மாட்டிக்கொண்டது. வழியில் சுமார் 2,500 பேர் இறந்ததாகக் கணக்கிடுகிறார்கள்.

நான் முடித்ததும் நம் மூத்த உறுப்பினர் ஒருவர், யாழ்ப்பாணத்திலிருந்து 1995-இல் நடந்து வெளியேறிய அம்மா, ஒரே ஒரு கேள்வி கேட்டார். "தம்பி, நடந்து போனவை கையில என்னத்தைக் கொண்டு போனவை?"

எனக்குத் தெரியவில்லை. நான் படித்திருந்ததில் ஏக்கர் இருந்தது, தேதி இருந்தது, இறந்தவர் எண்ணிக்கை இருந்தது. இது இல்லை. இந்த ஆண்டின் மேல்வாசிப்பு முழுவதும் அந்தக் கேள்வியிலிருந்து வந்தது. செயலாளர் தன் சொந்த ஆசைக்காகக் கூட்டங்களை எடுத்துக்கொண்டார் என்று சொல்பவர்கள் இதைத் தயவுசெய்து கவனிக்க வேண்டும்.

முதல் பதில் ஒரு பிரெஞ்சுக்காரரிடம் கிடைத்தது. அலெக்சி த தொக்வில் 1831 கடைசியில், தன் 26-ஆம் வயதில், மெம்பிஸ் நகரில் நின்று சாக்டா கூட்டம் ஒன்று ஆற்றைக் கடப்பதைப் பார்த்திருக்கிறார். அவர்களிடம் கூடாரமும் இல்லை, வண்டியும் இல்லை. ஆயுதங்களும் கொஞ்சம் உணவும்தான். காயம்பட்டவர்களும், கைக்குழந்தைகளும், சாகும் நிலையில் இருந்த முதியவர்களும் அந்தக் கூட்டத்தில் இருந்தார்கள். யாரும் அழவில்லை என்று எழுதுகிறார். எல்லோரும் படகில் ஏறிய பிறகு, கரையில் விடப்பட்ட நாய்கள் நிலைமை புரிந்து ஊளையிட்டுக்கொண்டு பனிக்கட்டி மிதந்த தண்ணீரில் குதித்து எஜமானர்களைத் தொடர்ந்து நீந்தினவாம். ஜூன் கூட்டத்தில் இதை நான் வாசித்தபோது ஒன்பது பேர் இருந்தோம். அம்மா ஒன்றும் சொல்லவில்லை. எழுந்து போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்து உட்கார்ந்தார்.

இரண்டாவது பதிலைத் தேட நேரம் பிடித்தது. மிசிசிப்பியில் நானி வாயா என்ற பழைய மண்மேடு இருக்கிறது. தங்கள் தாய் என்றே சாக்டா மக்கள் அதைச் சொல்கிறார்கள். மேட்டைத் தூக்கிக்கொண்டு போக முடியாது. பெயரைக் கொண்டு போனார்கள். 1834-இல், வந்து சேர்ந்து மூச்சு வாங்குவதற்குள், புது மண்ணில் எழுத்து வடிவில் ஓர் அரசியல் சாசனம் இயற்றினார்கள். 1838-இல் டஸ்கஹோமா அருகே மரத்தால் ஆலோசனை மன்றம் கட்டி அதற்கு நானி வாயா என்றே பெயர் வைத்தார்கள். பள்ளிக்கூடங்கள் தொடங்கினார்கள். துயரத்தைத் தாண்டி எழுந்து நிற்பதைப் பற்றிப் புத்தகம் வேண்டும் என்று கேட்ட இளம் உறுப்பினர்களுக்கு நான் தன்னம்பிக்கை நூல்களைச் சிபாரிசு செய்யாததற்கு இதுதான் காரணம். இழந்தவர்கள் மறுநாள் காலையில் என்ன செய்தார்கள் என்பதை அந்தச் சாசனத்திலும் பள்ளிக் கணக்கிலும் பார்க்கலாம்.

ஆகஸ்டில் ஏஞ்சி டெபோ. இந்தப் பெண்மணி சாக்டா இனத்தவர் அல்ல, ஓக்லஹோமாவின் சிறிய ஊரில் வளர்ந்த வரலாற்றாசிரியர். சாக்டா குடியரசின் எழுச்சியையும் வீழ்ச்சியையும் பற்றிய அவருடைய நூல் 1934-இல் வந்தது. இன்றும் எல்லோரும் அங்கிருந்துதான் தொடங்குகிறார்கள். அடுத்த நூலில் அவர், தனித்தனியாகப் பிரித்துக் கொடுக்கப்பட்ட பூர்வகுடிகளின் நிலத்தைப் பாதுகாவலர் என்ற பெயரில் யார் யார் சுருட்டினார்கள் என்று எழுதினார். ஓக்லஹோமா பல்கலைக்கழகப் பதிப்பகம் அதை வெளியிடத் துணியவில்லை. 1940-இல் பிரின்ஸ்டனில் வெளிவந்தது. முனைவர் பட்டம் வைத்திருந்தும் வரலாற்றுத் துறையில் நிலையான வேலை அவருக்குக் கிடைக்கவே இல்லை. கல்லூரி நூலகத்தில் வேலை பார்த்துக்கொண்டே எழுதினார். 1985-இல் மாநிலத் தலைமைச் செயலக மண்டபத்தில் அவர் படம் மாட்டப்பட்டது. அப்போது அவருக்கு 95 வயது. கூட்டத்தில் நான் அதிக நேரம் பேசியது இவரைப் பற்றித்தான், அதை ஒப்புக்கொள்கிறேன்.

ஆனால் ஒரு நூலோடு நிறுத்தினால் என்ன ஆகும் என்பதற்கும் அவரே எடுத்துக்காட்டு. 1847-இல் அயர்லாந்தில் பஞ்சம். பதினாறு வருடங்களுக்கு முன் விரட்டப்பட்ட சாக்டா மக்கள் ஸ்கல்லிவில் என்ற தங்கள் ஊரில் கூடிப் பணம் திரட்டி அனுப்பினார்கள். வாட்ஸ்அப்பில் சுற்றும் செய்தியில் அது 710 டாலர். நம் குழுவிலேயே நான்கு முறை வந்துவிட்டது. அந்த 710 டெபோவின் நூலில் நேர்ந்த அச்சுப்பிழை. உண்மையான தொகை 170 டாலர். இதனால் அந்த உதவியின் பெருமை ஒரு சென்ட்டும் குறையாது. அயர்லாந்தின் மிடில்டன் ஊரில் ஒன்பது பெரிய எஃகு இறகுகளால் ஆன நினைவுச் சின்னம் 2017-இல் திறக்கப்பட்டது. பகிர்வதற்கு முன் ஒரு பக்கம் கூடுதலாகப் படியுங்கள் என்றுதான் செப்டம்பர் கூட்டத்தில் கேட்டுக்கொண்டேன். அதைச் சிலர் தனிப்பட்ட முறையில் எடுத்துக்கொண்டது எனக்கு மனவருத்தம்.

அக்டோபரில் டுரன்டில் உள்ள சாக்டா பண்பாட்டு மையத்துக்குப் பயணம் ஏற்பாடு செய்தேன். 2021-இல் திறக்கப்பட்ட மையம், குழந்தைகளோடு போகத் தோதான இடம். பதினான்கு பேர் பெயர் கொடுத்தார்கள். வேனுக்கு முன்பணம் கட்டினேன். அன்று காலை வந்தது ஆறு பேர். ஒருவர் மட்டும் முந்தின இரவு போன் செய்து சொன்னார், அவருக்கு நன்றி. மற்றவர்கள் இன்றுவரை சொல்லவில்லை. முன்பணம் திரும்ப வரவில்லை. பாதியை நான் ஏற்றுக்கொண்டேன், மீதி வட்டத்தின் கணக்கில் இருக்கிறது. வந்தவர்களைக் கேட்டுப் பாருங்கள், அந்த நாளை அவர்கள் மறக்க மாட்டார்கள். கிரகணத்தன்று கேள்வி கேட்ட பையனும் வந்திருந்தான். ஹலிட்டோ என்றால் வணக்கம், யகோகே என்றால் நன்றி என்று வேனில் எங்களுக்கெல்லாம் பாடம் நடத்திக்கொண்டே வந்தான்.

நவம்பர் கூட்டம் சரியாக முடியவில்லை. அதையும் பதிவு செய்ய வேண்டும். அம்மாவின் கேள்விக்கு மூன்றாவது பதில் ஒன்று இருக்கிறது. வசதி படைத்த சாக்டா குடும்பங்கள் தாங்கள் அடிமையாக வைத்திருந்த கறுப்பின மக்களையும் அந்தப் பாதையில் கூட்டிச் சென்றார்கள். 1866 ஒப்பந்தத்தில்தான் அங்கே அடிமை முறை ஒழிந்தது. விடுவிக்கப்பட்டவர்களுக்குச் சாக்டா குடியுரிமை தரும் சட்டம் வர 1883 ஆனது. 1983-இன் சாசனம் இரத்த வழியை அடிப்படையாக வைத்ததால் அவர்களுடைய சந்ததியினர் மறுபடியும் வெளியே நிற்கிறார்கள். இதை ஏன் சொல்ல வேண்டும், நல்லதை மட்டும் சொல்லலாமே என்று ஒரு உறுப்பினர் கோபப்பட்டார். அவருடைய நல்ல மனம் எனக்குத் தெரியும். இருந்தாலும் நான் விடவில்லை. பாதையில் நடந்தவர்களில் தாங்களாக எதையுமே எடுத்துக்கொண்டு போக முடியாதவர்கள் அவர்கள். கேட்டவர் அம்மா. பதிலில் பாதியை மறைத்துவிட்டு நான் அவர் முகத்தைப் பார்க்க முடியாது.

'செவ்விந்தியர்' என்ற சொல்லைப் பற்றியும் அன்று வாக்குவாதம் வந்தது. ஓக்லஹோமா என்ற பெயரே சாக்டா மொழியில் சிவந்த மக்கள்தானே, 1866-இல் ஆலன் ரைட் என்ற சாக்டா தலைவரே சொன்ன பெயர்தானே என்றார்கள். உண்மைதான். அவர் தன் மொழியில் தன் மக்களுக்கு வைத்த பெயர் அது. நாம் தூரத்தில் நின்று கூப்பிடுவது வேறு. அவர்கள் தங்களைச் சாட்டா என்று சொல்லிக்கொள்கிறார்கள். நம் குறிப்பேட்டில் இனி சாக்டா, சாட்டா இரண்டில் ஒன்றுதான் இருக்கும்.

கணக்கு. முந்தைய ஆண்டு இருப்பு, சந்தா, இரண்டு நன்கொடைகள் ஆகியவை வரவு. புத்தகம், தேநீர், வேன், பாரதி விழா ஆகியவை செலவு. வரவுக்குள் செலவு அடங்கியது, சிறு தொகை மிச்சம். விவரம் பொருளாளரிடம் இருக்கிறது, யார் வேண்டுமானாலும் பார்க்கலாம். பெயர்ப் பட்டியலில் 38 பேர். சந்தா கட்டியவர்கள் 22 பேர். 25 டாலர் பெரிய தொகை இல்லை என்பதால்தான் கேட்கவே கூச்சமாக இருக்கிறது. கூட்டத்துக்கு வராமலும் சந்தா கட்டாமலும் இருப்பவர்கள், வட்டம் என்ன வாசிக்க வேண்டும் என்று மட்டும் நீளமாக எழுதுகிறார்கள். எழுதட்டும், அதோடு வந்து உட்காரவும் வேண்டும். நூலகங்களுக்கிடையிலான கடனில் என் அட்டையில் எடுத்த ஒரு நூலை ஜூனில் வாங்கிப் போனவர் இன்னும் திருப்பித் தரவில்லை. அபராதத்தை நான் கட்டிவிட்டேன். புத்தகம் மட்டும் வந்தால் போதும்.

நன்றிகள். தலைவருக்கும், பொருளாளருக்கும், வீட்டைக் கூட்டத்துக்குக் கொடுத்த மூன்று குடும்பங்களுக்கும், தேவையான நூல்களை வெளியூர்களிலிருந்து வரவழைத்துத் தந்த நூலக ஊழியருக்கும், ஒவ்வொரு மாதமும் சுண்டல் கொண்டுவந்த அக்காவுக்கும் வட்டத்தின் நன்றி.

அடுத்த ஆண்டு. இதுவரை நாம் பெரும்பாலும் வெளியிலிருந்து பார்த்தவர்களைத்தான் படித்திருக்கிறோம். இனி சாக்டா எழுத்தாளர்களிடம் போக வேண்டும். டெபோ 1934-இல் வீழ்ச்சி என்று தலைப்பு வைத்தார். அதற்குப் பிறகும் கதை ஓடுகிறது. 1959-இல் அமெரிக்க நாடாளுமன்றம் சாக்டா அரசையே கலைத்துவிடச் சட்டம் போட்டது. இளைஞர்கள் எதிர்த்தார்கள். 1970-இல், நடைமுறைக்கு வரும் தறுவாயில், அது ரத்தானது. சாக்டா மானுடவியலாளர் வலெரி லாம்பர்ட் 2007 நூலில் மறு எழுச்சி என்ற சொல்லோடு இதை எழுதியிருக்கிறார். லியான் ஹோவின் நாவல்கள் இருக்கின்றன. குழந்தைகளுக்கு டிம் டிங்கிள். அந்தப் பனிக்கால நடையை, இறந்துபோன சாக்டா சிறுவன் ஒருவனே சொல்லும் கதையாக 2013-இல் எழுதியிருக்கிறார். சாக்டா நேஷனின் மாத இதழ் பிஸ்கினிக். அது அவர்கள் கதைகளில் சேதி சொல்லும் சிறு பறவையின் பெயர். தனி மனிதர்கள் எப்படி எழுந்து நின்றார்கள் என்று தேடுபவர்கள் அதில் வரும் முதியவர்களின் பேட்டிகளையும் மறைவுச் செய்திகளையும் படிக்கலாம்.

இந்தத் தொடரை இன்னும் ஓராண்டு நடத்தச் செயற்குழு அனுமதிக்கும் என்று நம்புகிறேன். வேறு யாராவது செயலாளர் பொறுப்பை ஏற்க முன்வந்தால் மகிழ்ச்சியோடு ஒப்படைக்கிறேன், குறிப்பேடும் நூல்களும் தயாராக இருக்கின்றன. நானே தொடர வேண்டும் என்றால் பத்துப் பேராவது ஆளுக்கு ஒரு நூலைப் பொறுப்பேற்றுப் பேச வேண்டும். பெயர் கொடுப்பவர்கள் வர வேண்டும்.

டிசம்பர் கூட்டம் முடிந்து காரில் ஏறும்போது அம்மா என்னைக் கூப்பிட்டார். "நான் வீட்டுத் திறப்பைக் கொண்டு வந்தனான் தம்பி. இப்பவும் கிடக்குது. அடுத்தமுறை கொண்டு வாறன்" என்றார். திறப்பு என்றால் யாழ்ப்பாணத் தமிழில் சாவி. ஜனவரிக் கூட்டம் மூன்றாவது சனிக்கிழமை மாலை நான்கு மணிக்கு. அவர் பேசுவார். முழுக்கூட்டமும் வரும்படி கேட்டுக்கொள்கிறேன்.

இப்படிக்கு,
செயலாளர்