புரட்டிய கலவையில் ஒரு பாண்டு

அன்பு மகளுக்கு அப்பா எழுதுவது.

இங்கே எல்லோரும் நலம். கலவைக் கணக்கு வரவே மாட்டேங்குதுப்பா என்று போனில் சொன்னபோது உன் குரல் கம்மிப்போயிருந்தது. குரூப் 4 தேர்வில் திறனறிவுக்கு 25 கேள்விதான், இந்த ஒன்றை விட்டுவிடலாமா என்றும் கேட்டாய். விடாதே பாப்பா. கலவை நம் வீட்டுத் தொழில்.

நீ சொன்ன கணக்கைக் குறித்து வைத்திருந்தேன். 40 லிட்டர் பால். 4 லிட்டர் எடுத்துவிட்டு 4 லிட்டர் தண்ணீர் ஊற்ற வேண்டும். இப்படி மூன்று தடவை. மீதிப் பால் எவ்வளவு? பன்னிரண்டு போக 28 என்று போட்டிருக்கிறாய்.

சின்ன வயதில் எனக்குச் சோறு கொண்டுவரும்போது பார்த்திருப்பாயே. சிமெண்டையும் மணலையும் கொட்டி, சாம்பல் வரி மறைந்து ஒரே நிறமாகும்வரை மம்பட்டியால் புரட்டுவோம். எந்த மூலையில் இரும்புச் சட்டியால் ஒரு பாண்டு அள்ளினாலும் மொத்தக் குவியலில் இருக்கிற அதே விகிதம் அந்தப் பாண்டிலும் இருக்க வேண்டும், அதற்குத்தான். பாலும் அப்படித்தான். முதல் தடவை எடுத்தது முழுக்கப் பால். இரண்டாம் தடவை எடுத்த 4 லிட்டரில் தண்ணீரும் சேர்ந்து வெளியே வந்துவிட்டது. பாத்திரத்தில் பத்தில் ஒரு பங்கை எடுத்தால், இருக்கிற பாலிலும் பத்தில் ஒரு பங்குதான் போகும். 40, 36, 32.4, கடைசியில் 29.16 லிட்டர்.

விகிதத்தை மாற்றச் சொல்கிற கணக்கு வேறு மாதிரி. நான் கையாளாக இருந்த காலம். ஒன்பது இன்ச் சுவருக்கு ஒண்ணுக்கு ஆறு என்று 3 பாண்டு சிமெண்ட், 18 பாண்டு மணல் போட்டுப் புரட்டி வைத்திருந்தேன். தண்ணீர் விடவில்லை. மேஸ்திரி வந்து, "நாலரை இன்ச் சுவர்தான் முதல்ல, ஒண்ணுக்கு நாலாக்கு" என்றார். ஆறுக்கும் நாலுக்கும் ரெண்டுதானே வித்தியாசம் என்று கூடப் போட ரெண்டு பாண்டு சிமெண்டைத் தூக்கிவிட்டேன். அவர் என் கையைப் பிடித்தார். "கூடாம குறையாம கிடக்கிறது எதுடா? அதைப் பிடி."

மணல்தான். 18 அப்படியே இருக்கிறது. ஒண்ணுக்கு நாலு என்றால் சிமெண்ட் நாலரைப் பாண்டு. மூன்று ஏற்கெனவே உள்ளே இருக்கிறது, ஒன்றரை போட்டால் போதும். பாலில் தண்ணீர் மட்டும் சேர்க்கிற கணக்கு வந்தால் பாலைப் பிடி, அது மாறாது. அதை வைத்து மற்றதைக் கண்டுபிடி.

ஒரு இடத்தில் மட்டும் உன் புத்தகமும் என் வேலையும் ஒத்துப்போகாது. 3-ம் 18-ம் சேர்ந்தால் புத்தகத்தில் 21 பாண்டு. குவியலைத் திரும்ப அள்ளி எண்ணினால் அவ்வளவு வராது. சிமெண்ட் மணலின் இடுக்கில் புகுந்துவிடும். ஈர மணல் வேறு உப்பிக்கொண்டு அளவைக் கெடுக்கும். நீ தேர்வில் 21 என்றே போடு.

இன்னொரு கணக்கு அனுப்புகிறேன், ஞாயிற்றுக்கிழமை பேசும்போது சொல். ஒண்ணுக்கு நாலு கலவை 35 பாண்டு, ஒண்ணுக்கு ஆறு கலவை 35 பாண்டு. இரண்டையும் ஒன்றாகக் கொட்டிப் புரட்டினால் என்ன விகிதம்? நடுவில் இருக்கிறதே என்று ஒண்ணுக்கு அஞ்சு என்று எழுதிவிடாதே. இரண்டு குவியலிலும் சிமெண்டைத் தனியாக எண்ணு, மணலைத் தனியாக எண்ணு. சிமெண்ட் 6 என்றால் மணல் 29 வருகிறதா பார்.

அம்மா பருப்புப்பொடி கொடுத்துவிட்டிருக்கிறாள். வேளாவேளைக்குச் சாப்பிடு.

அப்பா