கட்டடக்கலை நூல்களுக்கும் இடம் வேண்டும்

ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

நூல் அறிமுகப் பக்கத்தில் கதை, கவிதை, வரலாறு எல்லாம் வருகின்றன. கட்டடக்கலை மட்டும் கண்ணில் படுவதே இல்லை. அது ஏதோ பொறியாளர்கள் சமாச்சாரம் என்று ஒதுக்கிவிடுகிறோம். கூரைக்குக் கீழே வாழ்கிற எல்லோருக்கும் அது உரியதுதானே?

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு, கட்டடக்கலைஞர் கிறிஸ்டோபர் அலெக்சாண்டரும் குழுவினரும் 1977-இல் வெளியிட்ட 'எ பேட்டர்ன் லாங்குவேஜ்' நூலைத் தயங்காமல் சொல்வேன். மொத்தம் 253 யோசனைகள். எந்தப் பக்கத்தைத் திறந்தும் படிக்கலாம். ஆறடி அகலம்கூட இல்லாத பால்கனியை யாரும் பெரிதாகப் பயன்படுத்துவதில்லை என்கிறது ஓரிடம். உண்மைதான், நாலு பேர் நாற்காலி போட்டு உட்கார இடம் வேண்டாமா? இரண்டு பக்கமிருந்தும் வெளிச்சம் வரும் அறையையே மனிதர்கள் விரும்புகிறார்கள் என்கிறது இன்னோரிடம். எதிரில் இருப்பவரின் முகபாவம் அங்கேதான் தெளிவாகத் தெரியுமாம்.

அப்புறம், நவீனக் கட்டடக்கலைஞர் லெ கார்பூசியரின் 1923-ஆம் ஆண்டு நூல் (ஆங்கிலத்தில் 'டுவர்ட்ஸ் எ நியூ ஆர்க்கிடெக்சர்'). வீடு என்பது வசிப்பதற்கான இயந்திரம் என்ற அவர் வாதத்தில் எனக்கு உடன்பாடில்லை. ஆனாலும் இன்றைய அடுக்குமாடிகளின் பூர்வகதை அதில் இருக்கிறது. நகரங்களைப் புரிந்துகொள்ள, எழுத்தாளர் ஜேன் ஜேக்கப்ஸின் 1961-ஆம் ஆண்டு நூலான 'தி டெத் அண்ட் லைஃப் ஆஃப் கிரேட் அமெரிக்கன் சிட்டீஸ்' இருக்கிறது.

மாதம் ஒரு நூலையாவது, படங்களோடும் வரைபடங்களோடும் அறிமுகம் செய்யுங்கள்.

இப்படிக்கு,
ஒரு வாசகர்